ஆர்எம்எஃப் கோப்புகளைத் திறக்க வழி உண்டா?

நண்பர்களே, வணக்கம். எண்பதுகளில் பாப் இசையில் பெயர் பெற்ற ஆங்கிலேயர் தாமஸ் டால்பி, மேடையை விட்டு விலகி 1993இல் ஹெட்ஸ்பேஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். அதுவே பிறகு பீட்னிக் ஆனது. நோக்கியா கைப்பேசிகளில் பல சுரங்கள் ஒன்றாய் ஒலித்த அழைப்பு மணிகளுக்குப் பின்னால் இருந்தது அவர்களின் மென்பொருள்தான். மெட்டையும் வாத்திய ஒலியையும் ஒரே சிறு கோப்பில் அடக்கிய ஆர்எம்எஃப் வடிவமும் பீட்னிக் தந்ததே. எவ்வளவு அழகான யோசனை!

அந்த வடிவில் 2001இல் நான் அமைத்த பன்னிரண்டு மெட்டுகள் ஒரு குறுந்தகட்டில் இருக்கின்றன. கணினியில் நகலாகின்றன, ஆனால் எதிலும் திறக்கவில்லை. அவற்றில் இரண்டு, அப்பா பாடிய தாலாட்டை வைத்து அமைத்தவை. அவர் இப்போது இல்லை. இவற்றை எம்பி3 ஆக மாற்றிய அனுபவம் யாருக்காவது உண்டா? பழைய பீட்னிக் எடிட்டர் வைத்திருப்பவர்களும் தயவுசெய்து சொல்லுங்கள்.