கடன் என் சம்பளத்தில், வீடு யார் பெயரில்?

கேள்வி: தண்டையார்பேட்டை மருமகள்

எனக்கு 34 வயது. பாரிமுனையில் ஒரு கிளியரிங் ஏஜென்சியில் கணக்கு பார்க்கிறேன். கணவர் கண்டெய்னர் டிரெய்லர் ஓட்டியவர். துறைமுகத்துக்குள் நுழைய எண்ணூர் எக்ஸ்பிரஸ் ரோட்டில் ராத்திரி முழுக்க வண்டியிலேயே உட்கார்ந்து உட்கார்ந்து முதுகெலும்பு தேய்ந்துபோய், இனி ஸ்டியரிங்கையே தொடக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். மூன்று வருஷமாக சமையல், துணி, பிள்ளைகளை ஸ்கூலில் விடுவது, லாரி வந்தால் தண்ணீர் பிடிப்பது எல்லாம் அவர்தான். எங்கள் இரண்டு பேருக்கும் இதில் ஒரு குறையும் இல்லை.

இப்போது திருவொற்றியூரில் ஒரு பழைய ஃபிளாட்டுக்கு அட்வான்ஸ் கொடுத்திருக்கிறோம். கடன் முழுக்க என் சம்பளத்தை வைத்து. அத்தை ஒரே பிடியாக நிற்கிறார், மகன் பெயரில்தான் பத்திரம் போட வேண்டும், இல்லையென்றால் அவனை யார் ஆம்பளையாக மதிப்பார்கள் என்று. எனக்கு வலிப்பது என்னவென்றால், இதே அத்தை 30 வருஷம் காசிமேட்டில் விடியற்காலை ஏலத்தில் மீன் எடுத்து, கூடையைத் தலையில் சுமந்து தெருத்தெருவாக விற்று இந்தக் குடும்பத்தைக் காப்பாற்றியவர். மாமா கடலுக்குப் போகாத நாட்களில் அடுப்பு எரிந்ததே அந்தக் கூடையால்தான். அவரே இப்படிப் பேசினால் நான் யாரிடம் போய்ச் சொல்வது? என் பெயரா, கணவர் பெயரா, இரண்டு பேர் பெயருமா?

பதில் 1: பெரம்பூர்க்காரன்

தங்கச்சி, பத்திர விஷயம் எனக்குத் தெரியாது, ஆனால் உன் கணவர் நிலைமை தெரியும். அப்பா பின்னி மில்லில் நெசவுப் பகுதியில் இருந்தார். 1996-ல் மில்லை மூடினார்கள். சங்கு ஊதுவதை வைத்தே நேரம் பார்த்த தெரு எங்களுடையது, அது நின்றதும் ஆண்கள் எல்லாம் திண்ணையில் உட்கார்ந்துவிட்டார்கள், பெண்கள் எக்ஸ்போர்ட் கம்பெனிக்கும் வீட்டு வேலைக்கும் இட்லிக் கடைக்கும் போனார்கள். அம்மா டைலரிங்குக்குப் போனார். அப்பா எங்களுக்குச் சமைத்துப் போட்டார், ஆனால் வாசல் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டுவிட்டுத்தான் அடுப்பைப் பற்ற வைப்பார். யாராவது கதவைத் தட்டினால் கரண்டியை என் கையில் கொடுத்துவிட்டுப் போய் பேப்பரை எடுத்துக்கொள்வார். பத்து வருஷம் அப்படியே. வடசென்னையில் பெண்கள் வேலைக்குப் போவது புதுசு இல்லை, என் பாட்டியும் போனவர்தான். உன் கணவர் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு சமைக்கிறார் பார், அதுதான் புதுசு. அவரை ஒருநாளும் தலைகுனிய விடாதே.

பதில் 2: ராயபுரம் அக்கா

உன் பெயரில் மட்டும் போடு. இரக்கப்பட்டு ஏமாறாதே. எங்கள் அம்மா குழு லோன் எடுத்து, தண்டல் கட்டி, சீட்டுப் போட்டு வாங்கிய ஒண்ணரை கிரவுண்டு அப்பா பெயரில் இருந்தது. அதை விற்ற செய்தியே அம்மாவுக்கு மூன்றாவது மனிதர் சொல்லித்தான் தெரியும். கையெழுத்துப் போட அம்மாவைக் கூப்பிட வேண்டிய அவசியமே இல்லையே, பத்திரத்தில் அவர் பெயர் எங்கே இருந்தது? உன் கணவர் நல்லவராகவே இருக்கட்டும், நான் அவரைச் சொல்லவில்லை.

பதில் 3: பத்திர ஆபீஸ் பக்கம்

நான் 20 வருஷமாக ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருக்கிறேன். தெரிந்ததைச் சொல்கிறேன், உங்கள் வக்கீலிடமும் ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

இந்து வாரிசுச் சட்டப்படி, உங்கள் பெயரில் வாங்கினால் அது முழுக்க உங்கள் சொத்து. கணவர் பெயரில் மட்டும் இருந்து, உயில் இல்லாமல் அவருக்கு ஏதாவது ஆகிவிட்டால், நீங்கள், பிள்ளைகள், அத்தை எல்லாருக்கும் சம பங்கு. நீங்கள் கட்டிய கடனை அங்கே யாரும் கணக்கில் எடுக்க மாட்டார்கள்.

ஆனாலும் நான் இருவர் பெயரிலும் போடத்தான் சொல்வேன். 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு தீர்ப்பு சொன்னது. கணவர் வெளிநாட்டில் சம்பாதிக்க, மனைவி இங்கே வீட்டைப் பார்த்துக்கொண்ட குடும்பம். அவள் வீட்டு வேலை செய்ததால்தான் அவரால் சம்பாதிக்க முடிந்தது, அதனால் அந்தச் சொத்தில் அவளுக்கும் சம பங்கு உண்டு என்றது. இந்த நியாயம் உங்கள் கணவருக்கும் பொருந்தாதா? காலையில் நீங்கள் நிம்மதியாக பாரிமுனைக்குக் கிளம்புவது யாரால்? பங்கு எவ்வளவு என்று பத்திரத்திலேயே தெளிவாக எழுதிவிடுங்கள், பாதிப் பாதிதான் வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

அத்தை மேல் கோபம் வேண்டாம். தமிழ்நாட்டில் 1989-ல்தான் குடும்பப் பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனைப் போல் பங்கு என்று சட்டம் வந்தது, அதிலும் அதற்கு முன்பே கல்யாணமான பெண்களைச் சேர்க்கவில்லை. 2005-ல் நாடு முழுக்கச் சட்டம் மாறிய பிறகுதான் அந்தப் பாகுபாடு போனது. அவருக்கு எந்த வருஷம் கல்யாணம் ஆனது என்று கேட்டுப் பாருங்கள்.

மீண்டும் தண்டையார்பேட்டை மருமகள்

எல்லாருக்கும் நன்றி. நேற்று ராத்திரி அத்தையிடம் கேட்டேன். 1984-ல் கல்யாணமாம். அவருடைய அப்பாவின் வீட்டை விற்றபோது தம்பிகள் இவரிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையாம். மீன் விற்ற காசில் வாங்கியது எதுவும் உங்கள் பெயரில் இருக்கிறதா என்றேன். ரேஷன் கார்டில் இருக்கிறது என்றார். அப்புறம் ரொம்ப நேரம் பேசவில்லை. காலையில் எழுந்து, உன் பெயரை முதலில் போட்டு அவன் பெயரை அடுத்ததாகப் போடு என்று மட்டும் சொன்னார்.

பெரம்பூர் அண்ணா, நீங்கள் எழுதியதைக் கணவரிடம் படித்துக் காட்டினேன். உங்கள் அப்பாவைப் பற்றி இன்னும் கேட்க வேண்டும் என்கிறார்.

குமாஸ்தா சார், ஒரு சந்தேகம். என் பான் கார்டில் அப்பா இனிஷியல், ஆதாரில் கணவர் இனிஷியல். பதிவுக்கு இது இடிக்குமா?

பத்திர ஆபீஸ் பக்கம்

இடிக்கலாம், கடன் வாங்கும்போதும் கேட்பார்கள். பதிவுக்குப் போவதற்கு முன்பே இரண்டையும் ஒன்றாக்கிவிடுங்கள். எந்த இனிஷியல் என்பது உங்கள் விருப்பம். அப்பா இனிஷியலே வைத்துக்கொள்ளலாம், சட்டத்தில் தடை ஒன்றும் இல்லை.