இட்ச் தளத்தின் சுயவிவரப் பக்கத்தில் எந்த விளையாட்டுகளை முன்வைப்பது?

கேள்வி (தெம்பனிஸ்):
வணக்கம். பலதுறைத் தொழிற்கல்லூரியில் விளையாட்டு வடிவமைப்பு பயிலும் நான், வேலைப்பயிற்சிக்கு விண்ணப்பிக்கும்போது சிறு படைப்பாளர்கள் தங்கள் கணினி விளையாட்டுகளை வெளியிடும் தளமான இட்ச்.ஐஓவில் உள்ள என் பக்கத்தைக் காட்ட விரும்புகிறேன். அங்கே கேம் ஜாமில் (குறுகிய காலத்துக்குள் விளையாட்டு உருவாக்கும் நிகழ்வில்) அவசரமாகச் செய்தவையும் முழுமையானவையும் கலந்து கிடக்கின்றன. நண்பரின் கணக்கில் வெளியான எங்கள் குழு விளையாட்டோ என் பக்கத்தில் தெரிவதே இல்லை. என்ன செய்யலாம்?

மறுமொழி (உட்லண்ட்ஸ்):
குழு விளையாட்டுக்கு வழி உண்டு. நண்பர் அதன் திருத்தப் பக்கத்தில் உங்களையும் நிர்வாகியாகச் சேர்த்து, நீங்கள் அதை ஏற்றுக்கொண்டால், உங்கள் சுயவிவரத்திலும் காட்டலாம். நிரலாக்கம், ஓவியம், ஒலி ஆகியவற்றில் உங்கள் பங்கு எது என்பதை விளக்கத்தில் அவசியம் எழுதச் சொல்லுங்கள்.

மறுமொழி (ஜூரோங்):
அவசரமாகச் செய்தவற்றை அழிக்கவே வேண்டாம். வரைவு நிலைக்கு மாற்றினால் பொதுப் பார்வையிலிருந்து மறையும். கோப்புகள் அப்படியே இருக்கும். அட்டைப்படத்துக்குத் தளம் பரிந்துரைக்கும் அளவு 630க்கு 500 பிக்சல். அதில் பெயரை மட்டும் பெரிதாகப் போடாமல், விளையாடும் காட்சியையே வையுங்கள். முடிந்தால், இணைய உலாவியில் இயங்கும் எச்டிஎம்எல்5 வடிவில் விளையாட்டை ஏற்றுங்கள். பதிவிறக்காமல் உலாவியிலேயே விளையாட முடிந்தால், நேரமில்லாத தேர்வாளரும் சற்று விளையாடிப் பார்ப்பார்.

கேட்டவர்:
மிக்க நன்றி. நண்பரிடம் இன்றே பேசுகிறேன். முழுமையான விளையாட்டுகளின் அட்டைப்படங்களை முதலில் மாற்றுகிறேன்.