ஃபைட்டர் மீனுக்கு ரத்தப்புழு மட்டும் போதுமா?

கேள்வி: என் ஃபைட்டர் பெல்லட்ட (குட்டி உருண்டைத் தீவனத்த) வாயில வாங்கி துப்பிடுது, காஞ்ச ரத்தப்புழு போட்டா மட்டும் பாஞ்சு வந்து திங்குது, அதனால ரெண்டு வாரமா அதான் போடுறேன், இப்ப வயிறு உப்பியிருக்கு, பயமா இருக்குங்க.

பதில் 1: 2 நாள் எதுவும் போடாதீங்க, தாங்கும். காஞ்ச புழு தண்ணில ஊறி உப்பும், இனிமே ஊறவெச்சு போடுங்க, அதுவும் வாரத்துல 2 தடவ போதும். அப்புறம் டாஃப்னியா (தண்ணில வாழுற, இறால் இனத்துப் பொடி உயிரி) குடுத்து பாருங்க, அதோட ஓடு செரிக்காம நார்ச்சத்து மாதிரி வேல செய்யும். பசிச்சா பெல்லட்டும் திங்கும், ஆனா சேர்மான லிஸ்ட்ல கோதுமை மாவு முதல்ல போட்டிருக்குற டப்பாவ வாங்காதீங்க, மீனோ இறாலோ முதல்ல இருக்கணும்.

பதில் 2: செதில் தூக்கிட்டு நிக்குதான்னு மேல இருந்து பாருங்க ப்ளீஸ். அப்படின்னா அது ட்ராப்ஸி (உடம்புக்குள்ள நீர் கோத்து வீங்குறது), பட்டினி போட்டு சரியாகாது.

கேள்வி கேட்டவர்: பாத்தேன், செதில் படிஞ்சுதான் இருக்கு. ரொம்ப நன்றிங்க, இன்னிக்கே நிறுத்திட்டேன்.