வாக்கிஷா, 1906: புல்லில் விழுந்த அந்த முதல் பாஸ்

(அமெரிக்கக் கால்பந்து ரசிகர்கள் நால்வர் புனைபெயரில் பேசிக்கொண்டது.)

மூன்றாவது டவுன்:
செப்டம்பர் 5, 1906. விஸ்கான்சின் மாநிலத்து வாக்கிஷாவில் கேரல் கல்லூரிக்கு எதிராக செயின்ட் லூயிஸ் பல்கலைக்கழகம். ஃபார்வர்டு பாஸ், அதாவது பந்தை முன்னோக்கி எறிவது, சட்டபூர்வமான முதல் சீசன். பிராட்பரி ராபின்சன் ஜாக் ஷ்னைடருக்கு எறிந்த 20 கெஜ டச்டவுனைத்தான் (எதிரணியின் கோல் கோட்டுக்கு அப்பால் பந்தைச் சேர்ப்பது) எல்லாரும் பேசுகிறார்கள். என் மனதை விட்டுப் போகாதது அதற்கு முன்னால் அவர் எறிந்த பாஸ். யார் கையிலும் படாமல் புல்லில் விழுந்தது. உடனே பந்து கேரலுக்குப் போய்விட்டது. இன்று ஒரு டவுன், அதாவது ஒரு முயற்சி, மட்டும்தான் வீணாகும். அன்றைய விதிப்படி, எறிந்த இடத்திலேயே பந்தை எதிரணியிடம் கொடுத்துவிட வேண்டும். அப்படி ஒரு அடி வாங்கிய பிறகும் அதே ஆட்டத்தில் மறுபடி எறிந்தார்களே! முடிவு 22-0. அந்த இரண்டாவது முறை கையை ஓங்கிய கணம்தான் எனக்கு அந்த ஆட்டம் முழுவதும்.

தோல்பந்து:
அந்தக் காலத்துப் பந்து கைக்கு அடங்காது. 1912இல் விதிப்புத்தகம் எழுதிவைத்த அளவே குறுக்குச் சுற்று 22½ முதல் 23 அங்குலம், எடை 14 முதல் 15 அவுன்ஸ். இன்றைய பந்தின் குறுக்குச் சுற்று 21 அங்குலத்தை ஒட்டியது. அந்த ஒன்றரை, இரண்டு அங்குலத்தில்தான் எல்லாம் கெடுகிறது. நடுவில் பிடித்தால் விரல்கள் பாதிகூடச் சுற்றாது, பந்து தலைகீழாகப் புரண்டுகொண்டு போகும். செயின்ட் லூயிஸ் பயிற்சியாளர் எடி காக்கம்ஸ் கண்ட வழி, பந்தின் நுனியை ஒட்டிய நாடாக் கட்டில் விரலைக் கொடுத்துப் பிடிப்பது. அங்கே சுற்றளவு குறைவு, விரலுக்குப் பிடிமானமும் உண்டு. பிறகு மணிக்கட்டைத் திருப்பி எறிந்தால் பந்து தன் நீள அச்சில் சுழலும். அந்தச் சுழற்சி இல்லாமல் நீளமான பாஸ் கிடையாது. சீசனுக்கு முன்பே பியூலா ஏரிக்கரை முகாமில் இதைத்தான் பழகினார்கள்.

பழைய மாதிரிப் பந்தை வாங்கி எறிந்து பார்க்க நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். உள்ளே ரப்பர் பிளாடர், வெளியே நான்கு தோல் துண்டுகள். வால்வு கிடையாது. காற்று நிரப்பியதும் பிளாடரின் குழாயை மடித்து, நூலால் இறுகக் கட்டி, நாடாவுக்கு அடியில் செருக வேண்டும். கட்டு தளர்ந்தால் ஆட்டத்தின் நடுவிலேயே பந்து தொய்ந்துவிடும். நாடாவை நடுவிலிருந்து இரு பக்கமும் ஒரே இறுக்கமாக இழுங்கள். ஒரு பக்கம் தூக்கலாக இருந்தால் எறியும்போது பந்து ஆடும். மழையில் தோல் தண்ணீர் குடித்துக் கனத்துவிடும். அடுப்புப் பக்கம் வைத்துக் காயவைக்காதீர்கள், தோல் விறைத்து வெடிக்கும். நிழலில் உலர்த்தி, கொஞ்சம் எண்ணெய் தடவினால் போதும்.

வலது எண்ட்:
1906 ஒரு தொடக்கம், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் பாஸ் என்றால் எனக்கு நவம்பர் 1, 1913, வெஸ்ட் பாயின்ட். ராணுவக் கல்லூரியை நோட்டர் டேம் 35-13 என்று வீழ்த்திய நாள். கஸ் டோரே எறிந்த 17இல் 14 கைக்குப் போய்ச் சேர்ந்தன, 243 கெஜம். பாதி ஆட்டத்தில் 14-13தான், நூலிழை. என் கண்ணில் நிற்பது, அவர் பாஸைப் பிடிக்கும் எண்ட் நூட் ராக்னி நொண்டியது. அந்த ஆட்டத்திலேயே சில டவுன்களில் காலை இழுத்து இழுத்து நடந்தார், அவரைக் கவனித்த தடுப்பாளர் அசட்டையானார், அடுத்த முறை ராக்னி முழு வேகத்தில் ஓடிப் பந்தைப் பிடித்து டச்டவுன். பின்னாளில் அவரே சொன்னது. ஓடும் வேகம் குறையாமல், தோளுக்கு மேலே வரும் பந்தைக் கையாலேயே பிடிப்பதை அந்தக் கோடையில் சீடர் பாயின்ட் ஏரிக்கரையில் டோரேயும் ராக்னியும் பழகியிருந்தார்கள். நெஞ்சில் அணைத்துப் பிடித்திருந்தால் நின்றுதான் பிடித்திருக்க வேண்டும். நவீன பாஸ் ஆட்டம் அன்றுதான் பிறந்தது.

மூன்றாவது டவுன்:
வலது எண்ட் அவர்களே, இதை ஏற்க மாட்டேன். ஏழு வருடம் முன்பே அயோவாவை 39-0 என்று அடித்த ஆட்டத்தில் செயின்ட் லூயிஸ் எறிந்த 10இல் 8 சேர்ந்தன. அந்த சீசனில் 11 ஆட்டம், 11 வெற்றி, மொத்தம் 407-11. இது தொடக்கம் மட்டுமா?

இரண்டு வருடத்து விதிகளையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1906இல் பந்து ஆட்டத்துக்கு வந்த இடத்திலிருந்து இடமோ வலமோ 5 கெஜம் தள்ளி நின்றுதான் எறியலாம். அதை நடுவர் கண்டுபிடிக்கவே மைதானத்தில் நீளவாக்கிலும் கோடு போட்டார்கள், சதுரங்கப் பலகை மாதிரி. கோல் கோட்டைத் தாண்டி விழுந்தாலும் பந்து போச்சு. 10 கெஜம் போக மூன்றே டவுன். 1907இல்தான் தண்டனை தளர்ந்தது: முதல் இரண்டு டவுனில் 15 கெஜம் பின்னே, மூன்றாவதில் பந்து இழப்பு. 1910இல் பக்கவாட்டு 5 கெஜ விதி போய், பந்து ஆட்டத்துக்கு வந்த கோட்டுக்கு 5 கெஜம் பின்னால் நின்று எறி என்றார்கள். ஆனால் 20 கெஜத்துக்கு மேல் எறியக் கூடாது என்று கையையும் கட்டினார்கள். 1912இல் அந்தக் கட்டு அவிழ்ந்தது, நான்காவது டவுன் வந்தது, கோல் கோட்டுக்குப் பின்னால் 10 கெஜ எண்ட் ஜோனும் வந்தது. டோரே எறிந்தது இத்தனையும் தளர்ந்த பிறகு. ராபின்சன் எறிந்தது இத்தனையும் இறுகியிருந்தபோது. டோரேயின் திறமையைக் குறைக்கவில்லை. பிறந்த நாளை மட்டும் மாற்றாதீர்கள்.

கோல் கம்பம்:
சண்டைக்கு நடுவே ஒன்று. பழைய ஸ்கோரை இன்றைய கணக்கில் பிரித்துப் பார்க்காதீர்கள். 1906இல் டச்டவுனுக்கு 5, அதன் பிறகான உதைக்கு 1, ஃபீல்டு கோலுக்கு (ஆட்டத்தின் நடுவே கம்பங்களுக்கு இடையே உதைப்பது) 4. 1909இல் ஃபீல்டு கோல் 3 ஆனது. 1912இல்தான் டச்டவுன் 6. அந்த 35-13ஐ 1911 விதியில் போட்டால் 30-11. எனக்கு மறக்காத ஆட்டமும் அந்த 1911தான்: கார்லைல் 18, ஹார்வர்டு 15. ஜிம் தோர்ப் காலில் கட்டோடு நான்கு ஃபீல்டு கோல் உதைத்தார், 12 புள்ளி. ஒரு டச்டவுன் 5, உதை 1. கூட்டிப் பாருங்கள், சரியாக 18. செயின்ட் லூயிஸ், நோட்டர் டேம் என்ற இந்த இரண்டு அணிகளுக்கு நடுவே பாஸை விட்டுவிட்டுக் காலை நம்பி ஜெயித்தவர்களும் இருந்தார்கள், அவர்களையும் பேசுங்கள்.

வலது எண்ட்:
பிறந்த நாள் விஷயத்தில் விட்டுக்கொடுக்கிறேன், அயோவா ஆட்டத்தின் 10இல் 8க்காக. நொண்டியதை விட்டுக்கொடுக்க மாட்டேன்.