பெண்ட் பைப் நீலமாகிறது, பாலிஷ் போட்டால் போதுமா?

கேள்வி:
கார்பரேட்டர் வண்டி. சைலன்சருக்குப் போகும், இன்ஜினை ஒட்டி வளையும் பெண்ட் பைப் முதலில் லேசாக மஞ்சளித்தது. இப்போது இன்ஜின் ஹெட்டிலிருந்து நாலு விரல் தூரத்துக்கு ஊதாவும் நீலமுமாக நிற்கிறது, துடைத்தால் போகவில்லை. கார்பரேட்டரைக் கழற்றிச் சுத்தம் செய்து மாட்டிய பிறகுதான் வேகமாகப் பரவுகிறது. ஆக்சிலரேட்டரை விட்டால் பட்பட்டென்று வெடிக்கிறது. பாலிஷ் போட்டால் போதுமா, உள்ளே கோளாறா?

பதில் 1:
நிறம் மட்டும் என்றால் விட்டுவிடுங்கள் என்றிருப்பேன். சூட்டில் ஸ்டீலின் மேல் மெல்லிய ஆக்சைடு படலம் படியும். படலம் தடிக்கத் தடிக்க நிறம் மாறும். ஸ்டெயின்லெஸ் என்றால் ஏறக்குறைய 300 டிகிரி செல்சியஸில் வைக்கோல் மஞ்சள், 450-ஐத் தாண்டினால் ஊதா, 550, 600 பக்கம் நீலம். எவ்வளவு நேரம் சூட்டில் இருந்தது என்பதைப் பொறுத்து இது முன்பின் ஆகும்.

என்னை யோசிக்க வைப்பது அந்தப் பட்பட்தான். ஒன்று பெட்ரோலும் காற்றும் சேர்ந்த கலவையில் பெட்ரோல் குறைவு, இல்லை பைப் ஜாயிண்டில் காற்று நுழைகிறது. ஸ்பார்க் பிளக்கைக் கழற்றிப் பாருங்கள். நுனியில் பீங்கான் இளம் பழுப்பாக இருந்தால் நல்லது. வெள்ளை வெளேரென்று இருந்தால் லீன், அதாவது பெட்ரோல் குறைவு.

பதில் 2:
வண்டி ஆறியிருக்கும்போதே ஜாயிண்டில் சோப்பு நீரைத் தடவி ஸ்டார்ட் செய்யுங்கள். குமிழி வந்தால் ஜாயிண்டை அடைக்கும் கேஸ்கட் போய்விட்டது. ஜாயிண்டைச் சுற்றிக் கரி படிந்திருந்தாலும் அதேதான். பழைய கேஸ்கட்டையே திரும்பப் போடாதீர்கள், ஒருமுறை நசுங்கினால் சரியாக அடைக்காது.

கார்பரேட்டருக்கும் இன்ஜினுக்கும் நடுவே உள்ள ரப்பரையும் பாருங்கள். கழற்றி மாட்டும்போது அது சரியாக உட்காராமல் காற்று நுழைவது சகஜம். ஐட்லிங்கில் கையால் அசைத்தால் ஆர்பிஎம் மாறுகிறதா?

கேள்வி கேட்டவர்:
மாறுகிறது! குமிழி இல்லை, பிளக் வெள்ளை. ரப்பரின் கிளாம்ப் லூஸாக இருந்தது. முடுக்கியதும் ஐட்லிங் இறங்கியது, ஸ்க்ரூவில் ஏற்றிக்கொண்டேன். பட்பட் அநேகமாக நின்றுவிட்டது. இனி நிறத்துக்கு என்ன செய்ய? பைப்பில் காந்தம் ஒட்டுகிறது, அப்படியானால் ஸ்டெயின்லெஸ் இல்லை, குரோம் பூச்சுதானே?

பதில் 3:
அதை வைத்துச் சொல்ல முடியாது. சைலன்சருக்குப் போடும் 409 ரக ஸ்டெயின்லெஸ்ஸிலும் காந்தம் ஒட்டும். கண்ணாடி போலப் பளபளத்து, கீறிய இடத்தில் துரு எட்டிப் பார்த்தால் குரோம்.

குரோம் பூச்சு மிக மெல்லியது. மெட்டல் பாலிஷும் மென்மையான துணியும் போதும், உப்புத்தாள் பக்கமே போகாதீர்கள். ஸ்டெயின்லெஸ் என்றால் கொஞ்சம் அழுத்தித் தேய்க்கலாம், வரி போகும் திசையிலேயே. முடித்ததும் ஸ்பிரிட்டால் துடைத்துவிட்டு ஸ்டார்ட் செய்யுங்கள். விரல் ரேகை இருந்தால் அப்படியே சுட்டுப் பதிந்துவிடும்.

மஞ்சள் திரும்ப வரும், அது இயல்பு. நீலம் சீக்கிரமே வந்தால் மறுபடி பிளக்கைப் பாருங்கள்.

கேள்வி கேட்டவர்:
ஊதா பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. தேய்க்காமல் விட்டால் பைப் கெடுமா?

பதில் 1:
கெடாது. கிளாம்ப்பை மட்டும் சில நாள் ஓட்டிவிட்டு இன்னொரு தடவை முடுக்கிவிடுங்கள்.