வீட்டை மீறிக் கல்யாணம்: எங்கே சிக்குகிறது? பார்த்தவர்கள் சொல்லுங்கள்

பத்திர எழுத்தர்

சிறப்புத் திருமணச் சட்டம் (1954) என்று வருகிறவர்கள் பெரும்பாலும் தேதிக் கணக்கில் கோட்டை விடுகிறார்கள். திருமண நோட்டீஸ் கொடுக்கும் மாவட்டத்தில், இருவரில் ஒருவராவது அதற்கு முன் 30 நாள் குடியிருந்திருக்க வேண்டும். நோட்டீஸைப் பதிவு அலுவலகப் பலகையில் ஒட்டி 30 நாள் காத்திருக்க வேண்டும். பிறகு மூன்று சாட்சிகளோடு உறுதிமொழி. நோட்டீஸ் கொடுத்து மூன்று மாதம் தாண்டிவிட்டால் அது செல்லாக்காசு, முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

பலருக்குத் தெரியாத கண்ணி ஒன்று உண்டு. நிரந்தர முகவரி வேறு மாவட்டம் என்றால் நோட்டீஸின் நகல் அங்கேயும் போய் ஒட்டப்படும். கோயம்புத்தூரில் ரகசியமாகக் கொடுத்த காகிதம் பெண்ணின் சொந்த ஊர்ப் பக்கம் பலகையில் தொங்கும். ஊர்க்காரர் ஒருவர் சொத்துக்கு வில்லங்கச் சான்று வாங்க வந்து பார்த்தால் போதும், சாயங்காலத்துக்குள் வீட்டுக்குச் செய்தி போய்விடும்.

ஆட்சேபணை யார் வேண்டுமானாலும் கொடுக்கலாம். ஆனால் வயது, உயிரோடிருக்கும் வேறு துணை, மனநிலை, தடைசெய்யப்பட்ட உறவுமுறை, இவற்றில் ஒன்றைக் காட்டியாக வேண்டும். "வேற சாதி" என்பது ஆட்சேபணையே இல்லை. பதிவாளர் 30 நாளில் முடிவு சொல்ல வேண்டும். ஆட்சேபணையை ஏற்றுத் திருமணத்தை மறுத்தால் மாவட்ட நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம்.

வழக்கறிஞர், மதுரை

இருவரும் இந்து என்றால் இந்தக் காத்திருப்பே தேவையில்லை. இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு சேர்த்த 7-ஏ பிரிவு, சுயமரியாதைத் திருமணத்துக்கானது. உறவினர், நண்பர் அல்லது வேறு யாராவது முன்னிலையில் ஒருவரையொருவர் துணையாக ஏற்பதாகச் சொல்லலாம், மாலையோ மோதிரமோ மாற்றலாம், தாலி கட்டலாம். இதில் ஏதாவது ஒன்று போதும். ஐயர் வேண்டாம், மண்டபம் வேண்டாம். ஊரறிய நடக்க வேண்டும் என்ற அவசியமும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2023-இல் இளவரசன் வழக்கில் தெளிவாக்கிவிட்டது.

ஆனால் வக்கீல் லெட்டர்பேடில் எழுதித் தருவதைத் திருமணச் சான்று என்று நம்பி ஸ்டேஷனுக்குப் போகாதீர்கள். தமிழ்நாட்டின் 2009 திருமணப் பதிவுச் சட்டப்படி 90 நாளுக்குள் பதிவு செய்யுங்கள். தவறினால் தாமதக் கட்டணத்தோடு இன்னும் 60 நாள். கோயிலில் செய்வதாக இருந்தால் வி.ஏ.ஓ.விடம் 'முதல் திருமணம்' சான்று வாங்கி வரச் சொல்வார்கள். சொந்த ஊர் வி.ஏ.ஓ.விடம் கேட்டால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ஒருவர் கிறிஸ்தவரோ முஸ்லிமோ என்றால் 7-ஏ பொருந்தாது. மேலே பத்திர எழுத்தர் சொன்ன சிறப்புத் திருமணச் சட்ட வழிதான்.

சட்ட உதவித் தன்னார்வலர்

கிளம்புவதற்கு முன் பார்க்க வேண்டியது ஆதார். நிறையப் பெண்களின் ஆதாரில் இருப்பது அப்பாவின் நம்பர். ஓடிபி அவருக்குப் போகும், எந்த ஆவணத்தையும் எடுக்க முடியாது. ஆதார் மையத்துக்கு நேரில் போய்க் கைரேகை வைத்து நம்பரை மாற்றிக்கொள்ளுங்கள். அதன் பிறகு பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றை டிஜிலாக்கரில் எடுத்து வையுங்கள். வயதுத் தகராறு வந்தால் முதலில் பார்ப்பது அதைத்தான்.

நகையைத் தொடாதீர்கள். "20 பவுனோட ஓடிட்டா" என்ற புகார் வழக்கமாக வரும்; காணாமல் போன வழக்கு அப்போது திருட்டு வழக்காக மாறும். போட்டிருந்ததைக் கழற்றி மேசைமேல் வைத்து, தேதியோடு ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

புதிய உறுப்பினர்

பையனுக்கு 20 தான் என்றால்?

வழக்கறிஞர், மதுரை

கல்யாணத்தைப் பதிவு செய்ய முடியாது, 21 ஆக வேண்டும். ஆனால் இருவருக்கும் 18 முடிந்திருந்தால் சேர்ந்து வாழ்வதைத் தடுக்க முடியாது; 2018-இல் நந்தகுமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பெண்ணுக்கு 18-க்கு ஒரு நாள் குறைந்தாலும் கதை வேறு, போக்சோ (சிறார் பாலியல் குற்றத் தடுப்புச் சட்டம்) வரும்.

ஓய்வுபெற்ற எஸ்.ஐ.

ஸ்டேஷன் பக்கத்தை நான் சொல்கிறேன். பெற்றோர் புகார் கொடுத்ததும் 'பெண் காணவில்லை' என்று எஃப்.ஐ.ஆர். விழும். பெண் எந்த ஸ்டேஷனில் ஆஜரானாலும் புகார் பதிவான ஸ்டேஷனுக்கே கூட்டிப்போகப் பார்ப்பார்கள். வாசலில் நாற்பது பேர் நிற்பது அங்கேதான். அதனால் முதலில் எஸ்.பி.க்கு மனு: இருவரின் வயதுச் சான்று, திருமணச் சான்று, மிரட்டுபவர்களின் பெயர், "சுயவிருப்பத்தில் வந்தேன்" என்று பெண்ணின் கையெழுத்தில் ஒரு வரி. ஸ்பீட் போஸ்டில் டெலிவரி சான்றோடு அனுப்பி, மின்னஞ்சலிலும் அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது (மனுவைப் பெற்றதற்குப் போலீஸ் தரும் ரசீது) வாங்காமல் நகராதீர்கள்.

மனுவில் இப்படிப்பட்ட ஜோடிகளின் பாதுகாப்பு பற்றி உச்ச நீதிமன்றம் தந்த 2018 சக்தி வாகினி தீர்ப்பைக் குறிப்பிடுங்கள். மிரட்டலைக் கூடுதல் எஸ்.பி. நிலை அதிகாரி விசாரித்து ஒரு வாரத்துக்குள் அறிக்கை தர வேண்டும் என்று அதில் இருக்கிறது. பாதுகாப்பு இல்லத்தில் முதலில் ஒரு மாதம், பிறகு மாதாமாதம் நீட்டித்து அதிகபட்சம் ஓராண்டு.

"சொத்தில் பங்கு கேட்கமாட்டேன்" என்று ஸ்டேஷனில் பெண்ணிடம் எழுதி வாங்கும் பழக்கம் இன்னும் இருக்கிறது. பெற்றோர் உயிரோடிருக்கும்போது, நாளை வரக்கூடிய வாரிசுப் பங்கை வெள்ளைத்தாளில் எழுதி யாரும் விட்டுக்கொடுத்துவிட முடியாது. எழுதச் சொன்னால் வக்கீலிடம் கேட்டுவிட்டு எழுதுகிறேன் என்று சொல்லுங்கள், அது உங்கள் உரிமை.

சட்ட உதவித் தன்னார்வலர்

வக்கீலுக்குப் பணம் இல்லை என்று யோசிக்க வேண்டாம். பெண்களுக்கும் எஸ்.சி., எஸ்.டி.யினருக்கும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவசம். 15100-க்கு அழையுங்கள். பெண்ணை நீதிமன்றத்தில் ஆஜர்படுத்தச் சொல்லிப் பெற்றோர் ஆட்கொணர்வு மனு போட்டிருந்தால் நீதிபதி பெரும்பாலும் பெண்ணையே நேரில் கேட்பார். அன்றைக்கு அசல் வயதுச் சான்று கையில் இருக்க வேண்டும், நகல் போதாது.