அரூபம் பொருந்தாது, அருவுருவம் பொருந்தும்: சில்லிடாவை முன்வைத்து

அன்புள்ள குழுவினருக்கு,

ஆங்கிலத்தில் abstract sculpture எனப்படுவதை 'அருவுருவச் சிற்பம்' என்று எழுதலாம் என்ற என் முன்மொழிவுக்கு வந்த மறுப்புகளை மேற்கோளாகத் தந்து, ஒவ்வொன்றுக்கும் பதில் எழுதுகிறேன்.

> 'அரூபச் சிற்பம்' ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. இன்னொரு சொல் எதற்கு?

புழக்கத்தில் இருப்பது உண்மை. ஓவியத்துக்கு அது ஓரளவு பொருந்தவும் செய்கிறது. சிற்பத்துக்குப் பொருந்தவே இல்லை என்பதுதான் என் வழக்கு.

ஸ்பெயினின் சான் செபஸ்தியான் நகரில், இகெல்தோ மலையடிவாரத்தில், சிற்பி எடுவார்டோ சில்லிடாவின் 'காற்றுச்சீப்பு' கடலைப் பார்த்து நிற்கிறது. 1977இல் நிறைவுபெற்றது. மூன்று எஃகுத் துண்டுகள், ஒவ்வொன்றும் ஏறக்குறைய 10 டன். தடித்த தண்டுகள் பாறையிலிருந்து கிளம்பி, வளைந்து, எதையோ கவ்வப் போகும் நகங்களைப் போல விரிகின்றன. அலை மோதி மோதி அவற்றின் மேல் துரு செம்பழுப்பாகப் படிந்திருக்கிறது. கட்டடக் கலைஞர் லூயிஸ் பெனியா கான்செகி அமைத்த கருங்கல் தளத்தில் துளைகள் உண்டு. கடல் கொந்தளிக்கும்போது அடியிலிருந்து காற்றும் நீரும் அவற்றின் வழியே சீறி எழும். இவ்வளவு உருவோடு எதிரே நிற்பதை 'அரூபம்', அதாவது உருவமற்றது, என்று எப்படி எழுதுவது?

சில்லிடாவின் வாழ்க்கையே இதற்குச் சான்று. 1924இல் பிறந்தவர், ரியால் சோசியெடாட் கால்பந்து அணியின் கோல்கீப்பராக இருந்தார். முழங்கால் காயம் அந்த ஆட்டத்தை முடித்துவைத்தது. மாட்ரிடில் கட்டடக் கலை படித்து, அதையும் பாதியில் விட்டு, 1948இல் பாரிஸ் போனார். அங்கே செய்தவை மனித உடல்கள். 1951இல் சான் செபஸ்தியானை உள்ளடக்கிய தன் பாஸ்க் மண்ணுக்குத் திரும்பி, எர்னானி ஊரின் கொல்லுப்பட்டறையில் இரும்பை அடிக்கக் கற்றபோதுதான் திருப்பம் நிகழ்ந்தது. அவ்வாண்டு செய்த 'இலாரிக்' என்ற படைப்பின் பெயர், கல்லறையில் நாட்டும் கல்லைக் குறிக்கும் பாஸ்க் சொல். நம் நடுகல்லின் உறவு என்றே எனக்குத் தோன்றுகிறது. அதில் மனித உடல் போயிற்று, உரு போகவில்லை. போனது சாயல் மட்டுமே.

இந்த நிலைக்குத் தமிழில் சொல் இருக்கிறது. சைவ சித்தாந்தம் உருவம், அருவம், அருவுருவம் என மூன்றாகப் பிரித்து, லிங்கத்தை அருவுருவம் என்றது. கண்ணுக்குத் தெரியும் வடிவம் உண்டு; முகம், கை, கால் இல்லை. ஆகவே, 'அருவுருவச் சிற்பம்'.

> சமயச் சொல்லைக் கலைக்குக் கொண்டுவரலாமா?

'படிமம்' தெய்வத் திருவுருவைக் குறித்த சொல்தான். இன்று கவிதை விமர்சனத்தில் அது இல்லாமல் யாரும் எழுதுவதில்லை. மூலத்தை யாரும் மறைக்கவில்லை. பயன் விரிந்தது, அவ்வளவே.

> அருவுருவம் என்றால் பாதி உருவம். ஆங்கிலேயச் சிற்பி ஹென்றி மூரின் சாய்ந்து கிடக்கும் மனிதர்களுக்குத்தான் அது சரி.

இது வலுவான மறுப்பு. ஆனால் லிங்கத்தில் பாதி முகமோ பாதி உடலோ இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். மூரின் படைப்புகளில் தலையும் முழங்காலும் இன்னும் தெரிகின்றன. அவற்றை 'அரை உருவச் சிற்பம்' என்று பிரித்துக்கொள்ளலாம்.

பேரளவுச் சிற்பத்தை (monumental sculpture) 'நினைவுச்சின்னச் சிற்பம்' என்று சிலர் எழுதுவதையும் நிறுத்த வேண்டும். ஸ்பெயினின் கிகோன் நகரக் குன்றின்மேல் 1990இல் எழுந்த சில்லிடாவின் கான்கிரீட் படைப்பு 10 மீட்டர் உயரமும் சுமார் 500 டன் எடையும் கொண்டது. அது யாருடைய நினைவுக்கும் எழுப்பியதல்ல. அது தொடுவானத்தைப் போற்றுகிறது, பெயரும் அதையே சொல்கிறது. இதற்குப் 'பேருருச் சிற்பம்' போதும். இரண்டையும் சேர்த்துப் 'பேருரு அருவுருவச் சிற்பம்' என்று அடுக்கினால் நாக்கு தடுமாறும். அவ்விடத்தில் 'மாபெரும் அருவுருவச் சிற்பம்' என்று எழுதலாம். மறுப்பு இருப்பவர்கள் மாற்றுச் சொல்லோடு எழுதுங்கள்.